ஒரு மாத நோட்டீஸா, சார்ஜ் மெமோவா? தகுதிகாண் பருவக் காவலரை அனுப்பும் வழிகள்

"புரொபேஷன்ல இருக்கிற பையன்தானே, ஒரு மாச நோட்டீஸ் போட்டு அனுப்பிடலாமே." ஒரு பட்டாலியன் அலுவலகத்தில் எஸ்டாப்ளிஷ்மென்ட் செக்‌ஷனில் உட்கார்ந்திருந்த வருடங்களில் நான் அதிகம் கேட்ட வாக்கியம் இதுதான். புரொபேஷன் என்றால் தகுதிகாண் பருவம், வேலை நிரந்தரமாவதற்கு முன் ஆளைப் பார்த்து எடைபோடும் காலம். சொல்கிறவர் பெரும்பாலும் காலை பரேடில் எதற்கோ கோபப்பட்டு நேராக நம் மேஜைக்கு வந்திருப்பார். நோட்டீஸ் என்பது ஒரே பக்கம், டைப் அடிக்கப் பத்து நிமிடம். அந்தப் பத்து நிமிடத்தில் முடிந்ததாக நினைத்த ஒரு ஃபைல் நான்கு வருடம் கழித்து உயர் நீதிமன்றத்திலிருந்து திரும்பி வந்து என் மேஜையிலேயே விழுந்தது. எந்தப் படை, எந்த ஊர் என்பதெல்லாம் வேண்டாம். அந்தக் கதையைக் கடைசியில் சொல்கிறேன்.

இப்போது அதே கேள்வியோடு இரண்டு தரப்பிலிருந்தும் என்னிடம் பேசுகிறார்கள். ஒரு பக்கம், கமாண்டன்ட் அலுவலகத்தில் புதிதாக அந்த நாற்காலிக்கு வந்திருக்கும் பையன்கள்: "சார், எந்த வழியில போட்டா கோர்ட்டில் நிக்கும்?" இன்னொரு பக்கம், பயிற்சி மையத்திலிருந்து பெட்டியோடு வீட்டுக்கு வந்துவிட்ட பிள்ளைகளின் அப்பாக்கள்: "தம்பி, விசாரணையே இல்லாம எப்படி அனுப்பலாம்?" இரண்டுக்கும் பதில் ஒன்றே. எதற்காக அனுப்புகிறார்கள் என்பதுதான் எந்த வழி என்பதை முடிவு செய்கிறது. எந்த வழி சுலபம் என்று முதலில் பார்த்துவிட்டுப் பிறகு அதற்கேற்பக் காரணத்தை வளைப்பவர்கள்தான் தோற்கிறார்கள்.

முதலில் அதிகாரம் எங்கிருந்து வருகிறது என்று பார்த்துவிடலாம். அரசியலமைப்பின் 310ஆம் பிரிவு, அரசுப் பணியில் இருப்பவர் குடியரசுத் தலைவரின் (மாநிலப் பணி என்றால் ஆளுநரின்) விருப்பம் உள்ளவரை பதவியில் இருப்பார் என்கிறது. இதை மட்டும் படித்தால் யாரையும் எப்போதும் அனுப்பலாம் போலத் தோன்றும். 311 அதற்கு இரண்டு பிரேக் போடுகிறது. ஒன்று, நியமித்த அதிகாரிக்குக் கீழ் நிலையில் இருப்பவர் டிஸ்மிஸ் செய்யவோ நீக்கவோ முடியாது. இரண்டு, குற்றச்சாட்டைச் சொல்லி, பதில் சொல்ல நியாயமான வாய்ப்புக் கொடுத்து, விசாரணை நடத்தாமல் டிஸ்மிஸ், நீக்கம், பதவியிறக்கம் எதுவும் கூடாது. ராணுவத்தினருக்கு 311 கிடையாது. ஆனால் மாநிலக் காவலர்களுக்கு உண்டு. சி.ஐ.எஸ்.எஃப். (மத்தியத் தொழில் பாதுகாப்புப் படை) சட்டமோ, தண்டனை அதிகாரத்தைக் கொடுக்கும்போதே "311க்கு உட்பட்டு" என்று எழுதித்தான் கொடுக்கிறது.

தகுதிகாண் பருவத்தில் இருப்பவருக்கு இந்த 311 உண்டா? 1957-லேயே பர்ஷோத்தம் லால் திங்ரா வழக்கில் உச்ச நீதிமன்றம் பாதையைக் காட்டிவிட்டது. திங்ரா ஒரு ரயில்வே ஊழியர். தகுதிகாண் பருவத்தில் இருப்பவருக்கு அந்தப் பதவி மேல் உரிமை இல்லை, ஆகவே விதிப்படி அவரை விடுவிப்பது மட்டுமே தண்டனை ஆகாது. ஆனால் விடுவிப்பு என்ற பெயரில் உண்மையில் கொடுப்பது தண்டனையாக இருந்தால், அவருக்கும் 311(2) உண்டு. அதற்குப் பின் வந்த அறுபதுக்கும் மேற்பட்ட வருடத் தீர்ப்புகள் எல்லாம் இந்த இரண்டு வாக்கியங்களுக்கு நடுவில் கோடு எங்கே விழுகிறது என்ற சண்டைதான்.

சரி, கையில் உள்ள வழிகளுக்கு வருவோம்.

முதல் வழி, எல்லோருக்கும் பிடித்த வழி: குற்றம் எதுவும் சொல்லாமல், "தகுதிகாண் பருவத்தில் பணி திருப்திகரமாக இல்லை" என்று விடுவிப்பது. இதைச் செய்யும் அதிகாரம் படைக்குப் படை வேறு இடத்தில் இருக்கிறது, இதைத்தான் முதலில் பார்க்க வேண்டும். சி.ஆர்.பி.எஃப். (மத்திய ரிசர்வ் போலீஸ் படை) விதிகள், 1955-இல் 16ஆம் விதி, படையில் சேருபவர்களை 3 ஆண்டுக்குச் சேர்த்து, அந்தக் காலத்தில் நியமன அதிகாரி ஒரு மாத நோட்டீஸில் எப்போது வேண்டுமானாலும் விடுவிக்கலாம் என்கிறது. மத்திய அரசின் தற்காலிகப் பணி விதிகள், 1965-இல் 5ஆம் விதியும் அதே ஒரு மாதம்தான், நோட்டீஸுக்குப் பதில் ஒரு மாதச் சம்பளம் கொடுத்து அன்றைக்கே அனுப்பவும் இடம் உண்டு. பஞ்சாப் காவல் விதிகளில் 12.21 என்று ஒன்று இருக்கிறது, சர்வீஸ் வழக்கு பார்ப்பவர்கள் எல்லோருக்கும் மனப்பாடம்: திறமையான காவலராக வருவார் என்று தோன்றாத கான்ஸ்டபிளைச் சேர்ந்த 3 ஆண்டுக்குள் எஸ்.பி. விடுவிக்கலாம், அதற்கு மேல்முறையீடு கிடையாது.

தமிழ்நாடு கொஞ்சம் வேறு. இங்கே பொது விதிகளின் வழக்கப்படி, தகுதிகாண் பருவத்தை முடித்து வெளியே அனுப்புவதற்கு முன், ஏன் அனுப்பக் கூடாது என்று காரணம் காட்டும் வாய்ப்பு கொடுக்க வேண்டும். குற்றம் சாட்டி நடத்தும் விசாரணை இல்லை, ஆனால் ஒரு ஷோகாஸ் நோட்டீஸ், அதற்கு ஒரு பதில், அந்தப் பதிலைப் படித்ததாகத் தெரியும் ஓர் ஆர்டர் என்று மூன்றும் ஃபைலில் இருக்க வேண்டும். இணையத்தில் கிடைத்த பஞ்சாப் தீர்ப்பைப் பிரின்ட் எடுத்து வைத்துக்கொண்டு "நோட்டீஸே தேவையில்லையாம் சார்" என்று நம் ஊரில் ஆர்டர் போட்டவர்களை எனக்குத் தெரியும். தீர்ப்பு சரி, ஆனால் விதி வேறு ஊருடையது.

இந்த முதல் வழியின் நல்ல பக்கம் வேகம் மட்டும் இல்லை. இது தண்டனையே ஆகாது. மத்திய அரசு ஊழியர்களுக்கான 1965-ஆம் ஆண்டு ஒழுங்கு நடவடிக்கை விதிகளில், தண்டனைகளை வரிசையாகச் சொல்லும் 11ஆம் விதியே, தகுதிகாண் பருவத்தில் விதிப்படி பணியை முடிப்பது தண்டனை அல்ல என்று விளக்கம் போட்டுவைத்திருக்கிறது. அதே விதிப்படி 'நீக்கம்' அடுத்த அரசு வேலைக்குத் தடை ஆகாது, 'டிஸ்மிஸ்' சாதாரணமாகத் தடைதான். ஆக, சுத்தமாக விடுவிக்கப்பட்ட 22 வயதுப் பையன் மறுபடி தேர்வு எழுதி வேறு வேலைக்குப் போகலாம். "விசாரணை வேண்டும், விசாரணை வேண்டும்" என்று கேட்டு வாங்கி, விசாரணையில் குற்றம் நிரூபணமாகி, டிஸ்மிஸ் ஆனவனுக்கு அந்தக் கதவும் மூடிவிடும். அப்பாக்களிடம் இதைச் சொன்னால் கோபப்படுகிறார்கள், ஆனாலும் சொல்லத்தான் வேண்டியிருக்கிறது.

இரண்டாவது வழி முறையான துறை விசாரணை. நம் ஊர்க் காவல்துறையில் 3(பி) என்றால் எல்லோருக்கும் தெரியும், காவல்துறை ஒழுங்கு விதிகளில் பெரிய தண்டனைக்கான விசாரணையைச் சொல்லும் விதி. சார்ஜ் மெமோ (குற்றச்சாட்டை எழுத்தில் சொல்வது), விசாரணை அதிகாரி, சாட்சி, குறுக்கு விசாரணை, அறிக்கை நகல், மேல் விளக்கம், அப்புறம்தான் ஆர்டர். மாதக்கணக்கில் இழுக்கும். பயிற்சி மையத்தில் இன்னொரு தலைவலி, சாட்சிகளும் பயிற்சியாளர்கள்தான், பாசிங் அவுட் முடிந்தால் நாலா திசைக்கும் பிரிந்து போய்விடுவார்கள். ஆனால் திருட்டு, லஞ்சம், அடிதடி, துப்பாக்கியைத் தொலைத்தது, குடித்துவிட்டுச் சென்ட்ரி நின்றது மாதிரி, "இவன் இதைச் செய்தான்" என்று சொன்னால்தான் விஷயம் விளங்கும் என்ற நிலை இருக்கிற இடத்தில் வேறு வழி பார்க்கவே கூடாது என்பது என் எண்ணம்.

இந்த இரண்டுக்கும் நடுவில்தான் எல்லோரும் வழுக்குகிறார்கள். ஏனென்றால் நிஜத்தில் எந்தப் பையனையும் காரணமே இல்லாமல் யாரும் அனுப்புவதில்லை, ஏதோ ஒன்று நடந்திருக்கும். நடந்தது வெறும் தூண்டுதலா, இல்லை ஆர்டரே அதன் மேல்தான் நிற்கிறதா என்பதுதான் நீதிமன்றம் கேட்கும் கேள்வி. தூண்டுதல் என்றால் விடுவிப்பு நிற்கும். ஆர்டரின் அஸ்திவாரமே அந்தச் சம்பவம் என்றால், அது வேஷம் போட்ட தண்டனை, விசாரணை இல்லாததால் விழும். கேட்க அழகாக இருக்கும், மேஜையில் உட்கார்ந்து எழுதும்போது மயிரிழை வித்தியாசம்.

இரண்டு ஆட்களைப் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் புரியும். ராம் நாராயண் தாஸ் ஒரிசா காவல்துறையில் தகுதிகாண் பருவ சப்-இன்ஸ்பெக்டர். கடமையில் அலட்சியம், வேலை சரியில்லை என்று சொல்லி, ஏன் விடுவிக்கக் கூடாது என்று நோட்டீஸ் கொடுத்து, பதில் வாங்கி, "திருப்தியற்ற பணி மற்றும் நடத்தை" என்று விடுவித்தார்கள். உச்ச நீதிமன்றம் 1960-இல் அதை ஏற்றுக்கொண்டது. நிரந்தரம் ஆக்கலாமா என்று பார்ப்பதற்காக நடந்த விசாரணை, தண்டிப்பதற்காக நடந்தது அல்ல என்பதுதான் அங்கே முக்கியம்.

இன்னொருவர் அனூப் ஜெய்ஸ்வால். ஐ.பி.எஸ். தேறி ஹைதராபாத் தேசிய போலீஸ் அகாடமியில் பயிற்சியில் இருந்தவர். 1981 ஜூன் 22 காலை, உடற்பயிற்சிக்கும் ஆயுதமில்லாச் சண்டைப் பயிற்சிக்கும் எல்லாப் பயிற்சியாளர்களும் தாமதமாகப் போய்ச் சேர்ந்தார்கள். விளக்கம் கேட்கப்பட்டது. மற்றவர்களைத் தூண்டிவிட்டவர்களில் இவர் ஒருவர் என்று அகாடமி இயக்குநர் முடிவுக்கு வந்து பரிந்துரை அனுப்ப, அந்த ஆண்டு நவம்பரில் இவரை விடுவித்தார்கள். ஆர்டரில் ஒரு களங்க வார்த்தை கிடையாது. உச்ச நீதிமன்றம் 1984-இல் திரையை விலக்கிப் பார்த்தது: ஆர்டர் எவ்வளவு சாதுவாக இருந்தாலும் அதற்கு அடிப்படையான இயக்குநரின் பரிந்துரையோடு சேர்த்துத்தான் படிக்க வேண்டும், அப்படிப் படித்தால் இது ஒரு தவறுக்கான தண்டனை, விசாரணை நடக்கவில்லை, ஆகவே செல்லாது. பழைய சீனியாரிட்டியோடு மீண்டும் பணி, சம்பள நிலுவையும் சேர்த்து.

எனக்கு இந்த வழக்கில் பிடித்தது அந்தச் சின்னத்தனம்தான். ஒரு காலைத் தாமதம்! அதையே ஆறு மாதம் கவனித்து, மூன்று தடவை எழுத்தில் எச்சரித்து, பயிற்சி மதிப்பீட்டில் ஏற்றி, மொத்தத்தில் இவர் சரிப்பட மாட்டார் என்று எழுதியிருந்தால் கதை வேறாகியிருக்கலாம். ஒரே சம்பவம், ஒரே ஆளைக் குறிவைத்து, உடனே விடுவிப்பு என்றால் எந்த நீதிபதியும் முகத்தைச் சுளிக்கத்தான் செய்வார்.

கான்ஸ்டபிள் மட்டத்திலும் இதே கோடுதான். உத்தரப் பிரதேச ஆயுதப் படையான பி.ஏ.சி.யில் சந்திர பிரகாஷ் ஷாஹி என்ற காவலர், சக காவலர்களுக்குள் நடந்த சண்டையை ஒட்டி முதற்கட்ட விசாரணை நடந்து, அதன் பின்னாலேயே சாதுவான ஓர் ஆர்டரில் அனுப்பப்பட்டார். 2000-இல் உச்ச நீதிமன்றம் அது தண்டனை என்று ரத்து செய்தது. பஞ்சாபில் சுக்விந்தர் சிங் சொல்லாமல் கொள்ளாமல் வேலைக்கு வராமல் இருந்தவர், 12.21-இன் கீழ் விடுவித்தார்கள், 2005-இல் மூன்று நீதிபதி அமர்வு அது சரி என்றது. வராமல் இருப்பது குற்றமும்தான், ஆனால் அதே நேரத்தில் இந்த ஆள் இந்த வேலைக்கு ஒத்துவருவாரா என்பதற்கான சான்றும்தான். சண்டை அப்படி இல்லை. யார் முதலில் அடித்தார் என்று சாட்சி இல்லாமல் எப்படிச் சொல்ல முடியும்?

2001-இல் பவனேந்திர நாராயண் வர்மா வழக்கில் நீதிமன்றம் இதை மூன்று கேள்வியாகச் சுருக்கிக் கொடுத்தது. முழு அளவிலான முறையான விசாரணை நடந்ததா, அது ஒழுக்கக் கேடு அல்லது முறைகேடு பற்றியதா, கடைசியில் குற்றவாளி என்ற முடிவுக்கு வந்ததா. மூன்றும் இருந்தால் தண்டனை, ஒன்று குறைந்தாலும் ஆர்டர் நிற்கும். அலுவலகத்தில் இருப்பவர்களுக்கு இது வசதியான அளவுகோல், நானும் ஒரு சீட்டில் எழுதி டிராயரில் வைத்திருந்தேன். ஆனால் இதை மட்டும் நம்பக் கூடாது. 1974-லேயே சம்ஷேர் சிங் வழக்கில் ஏழு நீதிபதிகள், வடிவத்தைப் பார்க்காதே, உள்ளடக்கத்தைப் பார் என்று சொல்லிவைத்திருக்கிறார்கள். ஃபைலை வரவழைத்து முதல் பக்கம் முதல் படித்துவிடுவார்கள்.

வார்த்தையிலும் கவனம் வேண்டும். ஆளின் பெயரைக் கெடுக்கும் களங்க வார்த்தை இருந்தால், விடுவிப்பும் தண்டனையாகவே பார்க்கப்படும். "பணி திருப்திகரமாக இல்லை" என்பது களங்கம் இல்லை. "அரசுப் பணியில் வைத்திருக்க விரும்பத்தகாதவர்" என்பது களங்கம், ஜகதீஷ் மித்தர் என்ற அஞ்சல் துறை ஊழியர் 1960-களில் இந்த ஒரு வார்த்தையால்தான் ஜெயித்தார். ஆர்டரில் எழுதாமல் "பார்வையில் காணும் கடிதத்தின்படி" என்று போட்டுவிட்டு அந்தக் கடிதத்தில் திட்டி எழுதியிருந்தாலும் அதுவும் களங்கமே, தீப்தி பிரகாஷ் பானர்ஜி வழக்கு 1999-இல் அதைச் சொல்லிவிட்டது. பார்வை ஒன்று, இரண்டு, மூன்று என்று அடுக்குவது நம் அலுவலகப் பழக்கம். இந்த ஆர்டரில் மட்டும் அந்தப் பழக்கத்தை விட்டுவிடுவது நல்லது.

மூன்றாவது வழி தகுதிகாண் பருவத்தை நீட்டிப்பது. இதை யாரும் யோசிப்பதே இல்லை, ஆனால் சுமாரான ஆள், திருந்த வாய்ப்பு உண்டு என்று தோன்றினால் எனக்குப் பிடித்த வழி இதுதான். குறைகளை எழுத்தில் சொல்லி ஆறு மாதம் நீட்டினால், அவன் தேறினாலும் லாபம், தேறாவிட்டாலும் பின்னால் போடும் விடுவிப்பு ஆர்டருக்கு அந்த எழுத்தே பலம். ஆபத்து ஒன்றே ஒன்று: விதியில் அதிகபட்சக் காலம் என்று ஒன்று இருந்து, அது தாண்டியும் ஆளை வேலையில் வைத்திருந்தால், அவர் நிரந்தரமானவராகவே கருதப்படலாம். பஞ்சாபின் தரம் சிங் வழக்கு, 1968. அப்புறம் ஒரு மாத நோட்டீஸ் எல்லாம் செல்லாது. ஆகவே நீட்டிப்பு ஆர்டரைத் தேதி முடிவதற்கு முன்பே போட வேண்டும். முடிந்து மூன்று மாதம் கழித்து முன்தேதியிட்டுப் போடுகிற வழக்கம் இருக்கிறதே, அதைப் பற்றி நான் எதுவும் சொல்லவில்லை.

நான்காவது, விசாரணையே இல்லாமல் டிஸ்மிஸ். 311(2)-இன் இரண்டாவது வரம்புரை (விதிவிலக்கு) மூன்று நிலைகளில் அனுமதிக்கிறது: குற்ற வழக்கில் தண்டனை பெற்றவர், விசாரணை நடத்துவது நடைமுறையில் இயலாது என்று காரணத்தை எழுதிவைக்கும் நிலை, நாட்டின் பாதுகாப்புக் கருதி விசாரணை உசிதமல்ல என்று குடியரசுத் தலைவரோ ஆளுநரோ கருதும் நிலை. 1979-இல் போகாரோ எஃகு ஆலையில் சி.ஐ.எஸ்.எஃப். காவலர்கள் போராட்டத்தில் இறங்கியபோது பலரை இப்படித்தான் அனுப்பினார்கள், 1985-இல் துளசிராம் படேல் தீர்ப்பு அதை ஏற்றது. ஆனால் அதே தீர்ப்பு, விசாரணையைத் தவிர்க்க வேண்டும் என்பதற்காகவோ, துறையின் கையில் சாட்சியம் பலவீனமாக இருக்கிறது என்பதற்காகவோ இதைப் பயன்படுத்தக் கூடாது என்றும் சொல்லியிருக்கிறது. ஒரு தனிப் பையனுக்கு இது பீரங்கியால் கொசு அடிக்கிற வேலை. ஐந்தாவதாக "ராஜினாமா எழுதிக் கொடுத்துட்டுப் போயிடு" என்று ஒரு வழி ஊரில் ஓடுகிறது. சட்டப் புத்தகத்தில் அதற்கு இடம் இல்லை. ராத்திரி பதினோரு மணிக்கு ஆபீஸில் உட்காரவைத்து எழுதி வாங்கிய ராஜினாமா, மறுநாளே வாபஸ் கடிதத்தோடு திரும்பி வரும்.

இனி பெரும்பாலான ஃபைல்களின் நிஜமான காரணத்துக்கு வருகிறேன், பழைய வழக்கை மறைத்தது. 2024 முதல் மத்திய ஆயுதப் படைகளின் கான்ஸ்டபிள் தேர்வைத் தமிழிலும் எழுதலாம் என்று ஆனபின் நம் பிள்ளைகள் நிறையப் பேர் முயல்கிறார்கள். அரக்கோணம் பக்கம் தக்கோலத்தில், இப்போது ராஜாதித்த சோழன் பெயர் வைத்திருக்கிறார்களே, அந்த சி.ஐ.எஸ்.எஃப். பயிற்சி மையம் மாதிரி இடங்களுக்குப் போய் இறங்கும்போது, முன்வரலாறு சரிபார்ப்புப் படிவம் ஒன்றை நிரப்பச் சொல்வார்கள். எப்போதாவது கைதானீர்களா, வழக்குத் தொடரப்பட்டதா, காவலில் வைக்கப்பட்டீர்களா, நன்னடத்தைப் பிணை எழுதிக் கொடுத்தீர்களா, அபராதம் உண்டா, இப்போது ஏதாவது வழக்கு நிலுவையில் உள்ளதா என்று வரிசையாக ஆம், இல்லை, ஆம், இல்லை. பயணக் களைப்பில், பக்கத்துக் கட்டில் பையனின் படிவத்தைப் பார்த்து எல்லாவற்றிலும் "இல்லை" என்று நிரப்பிக் கையெழுத்துப் போட்டுவிடுகிறார்கள். ஊரில் திருவிழாத் தகராறில் பத்தோடு பதினொன்றாகப் பெயர் சேர்ந்த எஃப்.ஐ.ஆர்., "ஸ்டேஷன்ல பேசி முடிச்சாச்சு" என்று அப்பா சொன்னது, ஆறு மாதம் கழித்து எஸ்.பி. அலுவலக அறிக்கையில் எழுந்து வரும்.

இங்கே 2016-இல் அவதார் சிங் வழக்கில் மூன்று நீதிபதிகள் கொடுத்த வழிகாட்டுதல்தான் இன்றைக்கும் அடிப்படை. மறைத்தது உண்மையென்றாலும் இயந்திரம் மாதிரி அனுப்பக் கூடாது, வழக்கு எவ்வளவு அற்பம், பதவி எப்படிப்பட்டது, முடிவு என்ன ஆனது என்று பார்க்க வேண்டும். படிவத்தில் குறிப்பாகக் கேட்ட தகவலைத்தான் சொல்லக் கடமை. உண்மையைச் சொன்னவரையும் முன்வரலாற்றைப் பார்த்து வேண்டாம் என்று சொல்ல நிர்வாகத்துக்கு உரிமை உண்டு. நம் ஒப்பீட்டுக்கு முக்கியமான வரி: ஆள் நிரந்தரமாகிவிட்டவர் என்றால், மறைத்த காரணத்துக்காக அனுப்பவும் துறை விசாரணை வேண்டும். தகுதிகாண் பருவத்தில் இருந்தால் அந்தக் கட்டாயம் இல்லை. ஆகவே நிர்வாகத்தின் பக்கம் இருந்து பார்த்தால் சரிபார்ப்பு அறிக்கையை இரண்டு வருடம் டிராயரில் தூங்கவிடுவது பெரிய முட்டாள்தனம்.

ஆனால் முடிவு எந்தப் பக்கம் விழும் என்று ஜோசியம் சொல்ல முடியாது. 2022 மே மாதம் பவன் குமார் வழக்கில், ரயில்வே பாதுகாப்புப் படை (ஆர்.பி.எஃப்.) பயிற்சியிலிருந்து அனுப்பப்பட்டவரை, அற்பமான வழக்கு, அதிலும் விடுதலையானவர் என்று திரும்பச் சேர்க்கச் சொன்னார்கள். சீனியாரிட்டி உண்டு, வேலை செய்யாத காலத்துக்குச் சம்பள நிலுவை இல்லை. அதே ஆண்டு செப்டம்பரில் சதீஷ் சந்திர யாதவ் வழக்கில், சி.ஆர்.பி.எஃப். காவலர் மறைத்ததற்காக அனுப்பியது சரி என்றார்கள், சீருடைப் படையில் உண்மை பேசுவதன் எடை வேறு என்பது அதன் சாரம். 2021-இல் மேத்து மேடா எந்த விஷயத்தையும் மறைக்கவில்லை, ஆள்கடத்தல் வழக்கிலிருந்து விடுதலையும் ஆகியிருந்தார், ஆனாலும் சாட்சிகள் பிறழ்ந்ததால் கிடைத்த விடுதலை என்று சொல்லி சி.ஐ.எஸ்.எஃப். அவரை மறுத்ததை உச்ச நீதிமன்றம் ஏற்றது. தமிழ்நாட்டுக் காவல் விதிகள் இன்னும் கறார், சந்தேகத்தின் பலனில் விடுதலையானவரும் வழக்கில் சம்பந்தப்பட்டவராகவே கருதப்படுவார், சென்னை உயர் நீதிமன்ற முழு அமர்வு 2008-இல் மணிகண்டன் வழக்கில் அதைச் செல்லும் என்றது. இதையெல்லாம் சேர்த்துப் பார்த்தால் பையன்களுக்கு நான் சொல்வது, மறைத்துவிட்டு மாட்டுவதைவிட எழுதிவிட்டுப் போராடுவது நல்லது. நிர்வாகத்துக்கு நான் சொல்வது, இந்த வகையில் முதல் வழியே போதும், ஆனால் ஒரு ஷோகாஸ் கொடுத்து, வழக்கு என்ன, முடிவு என்ன, ஏன் இந்தப் பதவிக்குப் பொருந்தாது என்று இரண்டு பத்தி யோசித்து எழுதுங்கள். யோசித்ததற்கு அடையாளமே இல்லாத ஆர்டர்கள்தான் அதிகம் ரத்தாகின்றன.

அனுப்பப்பட்ட பிறகு எங்கே போவது என்பதில் நிறையப் பேர் ஆறு மாதத்தைத் தொலைக்கிறார்கள். சி.ஆர்.பி.எஃப்., சி.ஐ.எஸ்.எஃப்., ஆர்.பி.எஃப். எல்லாம் சட்டப்படி ஒன்றியத்தின் ஆயுதப் படைகள், அவர்களுக்கு மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம் கிடையாது, ராணுவத் தீர்ப்பாயமும் கிடையாது, நேராக உயர் நீதிமன்றத்தில் ரிட் மனுதான். தற்காலிகப் பணி விதி 5-இன் கீழ் வந்த நோட்டீஸ் என்றால் மேலதிகாரி அதை மறுபரிசீலனை செய்ய இடம் உண்டு, சாதாரணமாக மூன்று மாதத்துக்குள், ஆகவே மனுவை முதல் வாரமே பதிவுத் தபாலில் அனுப்பிவிட வேண்டும். போகும் முன் ஒரு விஷயத்தை நேர்மையாக யோசிக்கவும்: ஆர்டர் ரத்தானாலும் பெரும்பாலும் "முறைப்படி விசாரணை நடத்திக்கொள்ளலாம்" என்ற வரியோடுதான் ரத்தாகும். அந்த விசாரணையைத் தாங்கும் அளவுக்குக் கை சுத்தமாக இருந்தால் வழக்குப் போடலாம். இல்லையென்றால், களங்கமில்லாத அந்த ஆர்டரை வைத்துக்கொண்டு அடுத்த தேர்வுக்குப் படிப்பது மேல்.

என் ஃபைல் கதையைச் சொல்லிவிடுகிறேன். மெஸ்ஸில் சாப்பாட்டு வரிசையில் சண்டை, ஒரு பையன் இன்னொருவனைத் தட்டால் அடித்து நெற்றியில் நாலு தையல். ஒரு அதிகாரி மூன்று நாளில் ஏழு பேரிடம் வாக்குமூலம் வாங்கி, "குற்றம் நிரூபணமானது" என்று அறிக்கை கொடுத்தார். நோட் ஷீட்டின் (ஃபைலுக்குள் எழுதும் அலுவலகக் குறிப்பு) முதல் பத்தியில் அதை அப்படியே நான் எழுதினேன். கடைசிப் பத்தியில் "விசாரணை காலதாமதமாகும் என்பதால் ஒரு மாதச் சம்பளம் கொடுத்து விடுவிக்கலாம்" என்று எழுதியதும் நான்தான். ஆர்டர் மட்டும் பனி மாதிரி வெள்ளை, "தங்கள் பணி இனித் தேவைப்படவில்லை." நீதிமன்றம் ஃபைலைக் கேட்டது, நோட் ஷீட்டை நீதிபதி சத்தமாகப் படித்தாராம்.

பையன் திரும்பி வந்தபோது கொஞ்சம் குண்டாகியிருந்தான், ஜாயினிங் ரிப்போர்ட் எழுத என்னிடமே பேனா வாங்கினான். விசாரணை நடத்த நீதிமன்றம் அனுமதி கொடுத்துத்தான் இருந்தது, நானும் புதிதாக ஒரு ஃபைல் திறந்து சாட்சிப் பட்டியல் போட்டேன். அடிபட்டவன் வேறு வேலை கிடைத்து எழுதிக் கொடுத்துவிட்டுப் போயிருந்தான், சமையற்காரர் ஓய்வு பெற்றுவிட்டார், மற்ற ஐந்து பேரில் மூன்று பேர் காஷ்மீரில் இருந்தார்கள். இரண்டு ரிமைண்டர் அனுப்பினோம். அதற்குள் கமாண்டன்ட் மாறிவிட்டார், வந்தவர் ஃபைலைப் புரட்டிப் பார்த்துவிட்டு "க்ளோஸ்" என்று பென்சிலில் எழுதிக் கீழே வைத்தார்.